பூச்சிமருந்துக் கடையில் பால் காய்ச்சியது

அன்று கடையில் இருந்தவர்கள். நான். என் மனைவி. கட்டடத்துக்குச் சொந்தக்காரரான பாய். அவரோடு வந்த சமையல்காரர். என் மச்சான், மீஞ்சூர் ஸ்டேஷன் ஸ்டாண்டில் ஆட்டோ ஓட்டுகிறவன். வேளாண்மை ஆபீசர் பிறகுதான் வந்தார்.

நான் துறைமுகத்தில் உர மூட்டை தூக்கியவன். இடுப்பு போய்விட்டது. மீஞ்சூரைச் சுற்றி நெல் வயல். பூச்சிமருந்துக் கடை வைத்தால் பிழைக்கலாம் என்று பட்டது. அப்போது அதற்குப் படிப்பு கேட்கவில்லை. லைசென்ஸ் கேட்டார்கள். அது இல்லாமல் ஒரு பாட்டில் விற்றாலும் குற்றம்.

சொந்த இடம் என்றால் பத்திரத்தைக் காட்டலாம். வாடகை இடத்துக்கு ஒப்பந்தம் வேண்டும். இந்த இடத்தில் இந்தக் கடை வைக்கச் சம்மதம் என்று சொந்தக்காரர் கையெழுத்தும் வேண்டும். பாய்க்குப் பட்டணத்தில் கல்மண்டபம் பக்கம் கயிற்றுக் கடை. அங்கே போய்க் கேட்டேன்.

"என் எடத்துல வெசம் விக்கப் போற."

"பயிருக்குத்தான் பாய்."

"கையெயுத்து போடறேன். ஆனா ஒரு கண்டிசன், நைனா. நம்ம எடத்துல பால் காச்சாம எவனும் ஷட்டர் தூக்குனதில்ல. நீ பால் காச்சு. பிரியாணி என்னுது."

சரி என்றேன். போட்டுக் கொடுத்தார்.

ஆபீசர் இடம் பார்க்க வரும் நாளிலேயே பால் காய்ச்ச முடிவு செய்தோம். வருகிறவருக்கு ஒரு டம்ளர் பால் கொடுத்தால் மரியாதை என்றாள் மனைவி. நடுக்கடையில் செங்கல் வைத்து அடுப்பு மூட்டினாள். மருந்துக்கென்று அடித்த அலமாரியில் பச்சரிசி, வெல்லம், முந்திரி. பின்னறையில் பாயின் பிரியாணி அண்டா, தேக்சா என்பார்கள், மூடி அடைத்துத் தம்மில் இருந்தது. தரையெல்லாம் வெங்காயத் தோல்.

பால் பொங்கியது. எல்லோரும் கத்தினோம். அந்தச் சத்தத்தில் ஆபீசர் வாசலில் நின்றதை யாரும் கவனிக்கவில்லை.

"இது பூச்சிமருந்துக் கடையா, கல்யாண மண்டபமா?"

"வாங்க சார். கரெக்டா பால் பொங்கச் சொல்லோ வந்துகிறீங்க" என்றார் பாய்.

ஆபீசர் உள்ளே வரவில்லை. தின்கிற பொருள் இருக்கும் இடத்தில் பூச்சிமருந்து வைக்கக் கூடாது, அது விதி என்றார்.

"அலமாரியில அரிசி. பின்னால பிரியாணி. நான் என்னன்னு ரிப்போர்ட் எழுதறது?"

"இன்னிக்கு மட்டுந்தான் சார்" என்றேன்.

"நானும் இன்னிக்குப் பார்த்ததைத்தான் எழுதணும்."

நடவு தொடங்கிவிட்டது. லைசென்ஸ் தள்ளிப்போனால் அந்தப் பட்டத்து வியாபாரம் போச்சு. திரும்பிப் போய் மூட்டை தூக்க இடுப்பு இல்லை.

ஆபீசர் என் முகத்தைப் பார்த்தார். கடிகாரத்தைப் பார்த்தார்.

"எதிர்ல டீ குடிச்சிட்டு வர்றேன். வரும்போது இங்க கடை இருக்கணும்."

அவர் ரோட்டைத் தாண்டியதும் மச்சான் விசில் அடித்தான். பக்கத்திலேயே இருந்த ஸ்டேஷன் ஸ்டாண்டிலிருந்து ஆட்டோக்காரர்கள் ஓடிவந்தார்கள்.

"இன்னா மாமு மேட்டரு?"

"பிரியாணிய ரோட்டுக்குத் தூக்கணும்."

"துன்றதுக்கா, தூக்கறதுக்கா?"

"மொதல்ல தூக்குடா!"

தேக்சாவைத் தொட முடியவில்லை. அவ்வளவு சூடு. பாய் தோள் துண்டை இரண்டாகக் கிழித்துக் கொடுத்தார். "குலுக்காதீங்கடா, தம்மு பூடும்!" சமையல்காரர் மூடியை அழுத்திப் பிடித்தபடி கூடவே ஓடினார். மனைவி பால் பானையையும் அலமாரியில் இருந்த அரிசி, வெல்லம், முந்திரியையும் எடுத்தாள். அடுப்பை அணைத்துச் செங்கல்லை நான் தூக்கினேன். இடுப்பு வலித்ததாக ஞாபகம் இல்லை. பத்து வாளி தண்ணீர் ஊற்றித் தரையைக் கழுவினோம்.

ஆபீசர் வந்தார். டேப் பிடித்து அளந்தார். ஜன்னலைத் திறந்து பார்த்தார். அலமாரிப் பூட்டை இழுத்துப் பார்த்தார். சம்மதக் கடிதத்தைப் படித்தார்.

"கையெழுத்து உங்களுதா?"

"என்னுதுதான் சார். அதுக்கோசரந்தான் இந்த பிரியாணியே" என்றார் பாய்.

ஆபீசர் சிரித்துவிட்டார். மூக்கை உறிஞ்சினார்.

"வாசனைக்கு விதி எதுவும் இல்ல."

எழுதினார். இடம் சரி என்றே எழுதினார்.

மனைவி வெளியில் நின்றபடி டம்ளரை நீட்டினாள். "சார், வாசப்படிக்கு அந்தாண்டதான் கீறேன். இப்ப குடிக்கலாமா?" அவர் ரோட்டில் இறங்கி நின்று குடித்தார். அவர் சைவம். பிரியாணி வேண்டாம் என்றார். "நஷ்டம் உனுக்குத்தான் சார்" என்றான் மச்சான்.

பக்கத்து சைக்கிள் கடைப் பந்தலில் இலை போட்டோம். ரயிலிலிருந்து இறங்கிப் போன ஒருவரைப் பாய் கையைப் பிடித்து உட்காரவைத்தார்.

"விவசாயியா?"

"இல்ல பாய். வள்ளூர்ல கட்டட வேல."

"பர்வால்ல. துன்னு."

லைசென்ஸ் வந்தது. கண்ணாடி போட்டு, வருகிறவர் கண்ணில் படும்படி மாட்டினேன். அதைப் புதுப்பிக்கும்போதெல்லாம் பாய் தேக்சாவோடு வந்தார். ரோட்டோடு இறக்கிக்கொண்டோம். கடைக்குள் ஒரு பிஸ்கட்கூட வைத்ததில்லை.

அன்று பந்தலில் சாப்பிட்டவர்கள் இருபத்து மூன்று பேர்.