முழங்கைக் கோடு

தச்சு வேலை செய்கிற என் தம்பி யார் வீட்டுச் சமையலறைக்குள் நுழைந்தாலும் முதலில் டேப்பை எடுக்க மாட்டான். "இங்க சமைக்கறது யாரு?" என்றுதான் கேட்பான். அந்த ஆளைச் செருப்பில்லாமல் சுவரோரம் நிற்க வைத்து, கையை மடக்கச் சொல்லி, முழங்கைக்கு நேராகப் பென்சிலால் ஒரு கோடு இழுப்பான். சுவர் அலமாரிக்குள் பதிக்கிற ஓவனின் கதவு அந்தக் கோட்டுக்கு மேலே போகக் கூடாது.

"சுடுதட்டு மூஞ்சிக்கு நேரா வந்தா, ஒரு நாள் இல்லாட்டி ஒரு நாள் மேல கொட்டிக்கும்" என்பான். தட்டை இறக்கி வைக்கப் பக்கத்திலேயே கொஞ்சம் மேடை வேண்டும். பிளக் ஓவனுக்குப் பின்னால் இருக்கக் கூடாது, பக்கத்து அலமாரிக்குள் கைக்கு எட்டுகிற மாதிரி இருக்க வேண்டும். ஆள் வந்து நிற்காமல் ஓவன் உட்காரும் பலகையில் ரம்பம் வைக்க மாட்டான். பிடிவாதக்காரன். கூடப் பிறந்த எனக்குத் தெரியாதா?

இவ்வளவு பேசுகிறவன் வீட்டில் மட்டும் ஓவன் மூன்று வருடமாக அட்டைப்பெட்டிக்குள்ளேயே கிடந்தது. அவன் பெண்டாட்டி நர்ஸ். வேலைக்காக வெளிநாடு போனவள். ரெண்டே வருஷம் என்று சொல்லிவிட்டுப் போனாள். கல்யாணமான நாளிலிருந்து ஓவன் வேண்டும் என்று கேட்டுக்கொண்டிருந்தவள், அதனால் அவள் போன மறுமாதமே வாங்கிவிட்டான். இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருத்தர் ஒதுங்க வேண்டிய சமையலறை அது. அங்கேயும் இடம் விட்டு அலமாரி செய்துவிட்டு, "அவ வந்து நிக்கட்டும்" என்று நிறுத்திவிட்டான். போனிலேயே அளவு சொல்கிறேன் என்றாளாம், கேட்கவில்லை. அந்தப் பெட்டி மேல் தட்டை வைத்துத் தனியாகச் சாப்பிடுவான்.

"பெட்டியிலயே வெச்சிருந்தா குட்டி போடுமாடா?" என்று நான் கத்துவேன். சிரிப்பான்.

போன மாதம் ஒரு டீச்சரம்மா எங்கள் பட்டறைக்கு வந்து சண்டை பிடித்தார். "ஓவனைத் திறக்க நான் குனிய வேண்டியிருக்கு. இதுக்கா என்னை நிக்க வெச்சு அளந்தீங்க?" கணக்கு வழக்கு, புகார் எல்லாம் என் தலையில்தான் விடியும். தம்பியைக் கூட்டிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். சுவரில் அவருடைய கோடு சரியாக இருந்தது. ஓவன் நாலு விரல் கீழே உட்கார்ந்திருந்தது.

தம்பி கோட்டைப் பார்த்தான், ஓவனைப் பார்த்தான், அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"அக்கா, இது அவ உயரம்" என்றான்.

பாவி, பெண்டாட்டி நினைப்பிலேயே பலகையை அறுத்திருக்கிறான்! டீச்சரம்மாவுக்கு வேறு அலமாரி செய்து கொடுத்தோம். அன்றைக்கே தம்பி பெண்டாட்டிக்குப் போன் போட்டேன். "ஓவனுக்கு அளவு கொடுக்கவாவது வந்துட்டுப் போடி!"

பத்து நாள் கழித்து வந்தாள். இரண்டு பெரிய பெட்டிகள். "அக்கா, இனிமே போக மாட்டா" என்று என் காதில் கிசுகிசுத்தான் தம்பி. அவள் முகம் கழுவுவதற்குள் பென்சிலைச் சீவிவிட்டான்.

"செருப்பைக் கழட்டிட்டு இப்படி வந்து நில்லு."

நின்றாள். ஆனால் கையை மடக்கவில்லை. அவன் தோளைப் பிடித்துச் சுவரோரம் நிறுத்தினாள்.

"நீங்க நில்லுங்க."

"நான் எதுக்கு?"

"இங்க சமைக்கறது யாரு?"

அவளே அவன் கையை மடக்கி, முழங்கைக்கு நேராகக் கோடு போட்டாள். "அங்க வேலைக்கு இன்னும் மூணு வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டுட்டேங்க" என்றாள். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அடுப்பில் ஒன்றுமில்லாவிட்டாலும் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

மறுநாளே ஓவனைப் பதித்துவிட்டான், அவன் அளவுக்கு. சாயங்காலம் அவள் கேக் செய்தாள். வெந்ததும் தட்டை எடுக்க ஆசையாகப் போனாள். கதவு அவள் நெஞ்சுக்கு நேராகத் திறந்தது.

"தள்ளிக்கோ. உனக்கு அது உயரம், சுட்டுக்கும்" என்று சொல்லி, அவனே எடுத்தான்.