உயிரோடு இருப்பதற்கு அத்தாட்சி

பென்ஷன் குமாஸ்தாவின் வேலையே, எதிரே நின்று இருமுகிற மனிதர் நிஜமாகவே உயிரோடு இருக்கிறாரா என்று சந்தேகப்படுவதுதான். வெள்ளைக்காரர் ஆட்சியின் கடைசி வருஷங்களில் பூந்தமல்லிக் கஜானாவில் நான் அதைத்தான் செய்துகொண்டிருந்தேன். ஏதாவது ஒரு ஜன்னல் முன்னால் கால்கடுக்க நின்று பழகிய உங்களுக்கு ஓர் ஆறுதல்: ஜன்னலுக்கு உள்ளே இருந்தவனும் சுகமாக இல்லை.

தாடி

காட்டுப்பாக்கம் முனுசாமி முதல் உலக யுத்தத்தில் மெசபடோமியாவரை போய்வந்த சிப்பாய். ரிஜிஸ்தரில் அவருக்கு அடையாளம், வலது தாடையில் வெட்டுத் தழும்பு. ஒரு மாதம் திருப்பதிக்கு வேண்டிக்கொண்டு, முகம் மூடிய தாடியோடு வந்து நின்றார். பத்து வருஷமாக எனக்குத் தெரிந்த மனிதர்தான். ஆனால் தழும்பைப் பார்த்ததாக நான் கையெழுத்துப் போட வேண்டும். அன்றைக்கென்று தணிக்கைக்கு வந்த அதிகாரி என் தோளுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார். தழும்பு தெரியாமல் பணம் தர முடியாது என்று சொல்லிவிட்டேன். அந்தப் பணத்தை நம்பி அவர் வீட்டில் ஆறு பேர் இருந்தார்கள்.

முனுசாமி வெளியே போனார். அரை மணி கழித்துத் திரும்பினார். தாலுகா கச்சேரி வாசலில் இருந்த நாவிதரிடம் வலது தாடையில் மட்டும் ஒரு வெற்றிலை அளவுக்கு மழித்துக்கொண்டிருந்தார். அதிகாரியே குனிந்து பார்த்துத் தலையாட்டினார். கைநாட்டு வைத்துக்கொண்டே முனுசாமி சொன்னார்: "சர்க்காருக்கு இந்த எடம் போதும் சார். மீதி பெருமாளுக்கு."

கேள்வி

ரோசம்மாளின் கணவர் அதே யுத்தத்தில் இறந்துபோனவர். விதவை மறுமணம் செய்துகொண்டால் பென்ஷன் நின்றுவிடும் என்பது விதி. அதனால் ஆறு மாதத்துக்கு ஒரு தடவை, "மறுபடி கல்யாணம் செய்துகொண்டீர்களா?" என்று கேட்டு எழுத வேண்டும். அவருக்கு என் தாயார் வயது. ஒரு தடவை நாக்குக் கூசி, கேட்காமலே 'இல்லை' என்று எழுதிவிட்டேன். அவர் ஜன்னலை விட்டு நகரவில்லை. என்ன வேண்டும் என்றேன்.

"கேக்க மறந்துட்டியே நைனா. இந்த ஊர்ல என்னை அந்தக் கேள்வி கேக்குற ஒரே ஆள் நீதான்."

இரண்டு வயசு

பாடி கிராமத்து அருணாசலம், தாலுகா கச்சேரியில் சேவகர்களுக்குத் தலைவராக, டபேதாராக இருந்து ஓய்வு பெற்றவர். கிணறு வெட்டுவதற்காக, பென்ஷனில் ஒரு பங்கை விட்டுக்கொடுத்து அதற்கு மொத்தமாகப் பணம் கேட்டிருந்தார். டாக்டர் பார்த்து உடம்பு கெட்டி என்றால் முழுத் தொகை. தளர்ச்சி என்றால் வயசைக் கூட்டிப் போடுவார், தொகை குறையும். டாக்டர் முன்னால் திடமாகத் தெரிய வேண்டும் என்று யோசனை சொன்னவன் நான்.

திடத்தைக் காட்ட மனிதர் பட்டணத்து ஆஸ்பத்திரிக்கு வெயிலில் நடந்தே போயிருக்கிறார். டாக்டர் நெஞ்சில் குழாயை வைத்தபோது மூச்சு இரைத்ததாம். எனக்கு ஒரு வாரம் தூக்கமில்லை. நல்லவேளை, குறைந்த பணத்துக்கே கிணற்றில் தண்ணீர் வந்துவிட்டது. அருணாசலம் வந்து சொன்னார்: "ரெண்டு வயசு கூட்டிட்டாரு சார். குதிரை வண்டியில போயிருந்தா எளவட்டமா திரும்பியிருப்பேன்."

மணியார்டர்

பிறகு சீர்திருத்தம் வந்தது. இனிமேல் கிழவர்கள் அலைய வேண்டாம், விரும்பினால் பென்ஷன் மணியார்டரில் வீடு தேடி வரும் என்று உத்தரவு. எல்லோரையும்விட எனக்குத்தான் சந்தோஷம். ஜன்னலில் கூட்டம் இராது. அதற்கான விண்ணப்பப் பாரங்களைக் கட்டாக வைத்துக்கொண்டு ஒவ்வொருவரிடமும் நீட்டினேன். ஒருவரும் கைநாட்டு வைக்கவில்லை. சர்க்கார் நல்லது செய்தால்கூட இவர்களுக்குப் புரியாதா என்று கடைசியில் முனுசாமியிடம் கோபித்துக்கொண்டேன். அவர் ஜன்னலருகே குனிந்து, மற்றவர்கள் காதில் விழாமல் மெதுவாகச் சொன்னார்:

"தபால்காரன் ஊட்டு வாசல்ல நின்னா மொதல்ல மருமவ கைதான் நீளும் சார். இங்க வந்தா என் கையில வருது. போற வழியில பேரனுக்கு நானே முறுக்கு வாங்கிகினு போறேன். அதான் ஊட்ல எனக்கு இன்னும் மரியாதை கீது."

பாரங்களை அப்படியே கட்டி மேலதிகாரிக்குத் திருப்பி அனுப்பினேன். 'யாருக்கும் விருப்பமில்லை' என்று எழுதியபோது எனக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்தது.

பென்ஷன் விதிகளை எழுதியவர்கள் எல்லோரும் எழுதுகிறபோது மாதச் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தவர்கள் என்பதைத் தவிர, அவர்கள்மேல் எனக்கு வேறு குறை கிடையாது.