நைனாவின் ரேடியோவும் நான் சொன்ன ஸ்கோரும்

எங்கள் தந்தையார் எங்களை விட்டுப் பிரிந்து இந்த மாதத்தோடு ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரில் அவருடைய வாழ்க்கையை எழுதும் பொறுப்பை அண்ணன் என்னிடம் கொடுத்தார். "பொறந்தது, வளந்தது, வேல பாத்தது, நல்ல கொணம், கடைசியில எல்லாருக்கும் நன்றி. ரெண்டு பக்கம், அவ்ளோதான்" என்றார். "நைனான்னு எழுதாத, தந்தையார்னு எழுது. படிக்கிறவங்க இன்னா நெனைப்பாங்க?" என்றும் சொன்னார். நான் நைனா என்றே எழுதுகிறேன். தந்தையார் என்று எழுதினால் யாரோ ஒருவரைப் பற்றி எழுதுவதுபோல இருக்கிறது. எனக்கு ஏற்கெனவே இருக்கிற குழப்பமே போதும்.

என்ன குழப்பம் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இதைப் படிக்கும் உங்களில் பலர் நைனாவைக் கடைசி வாரத்தில் வந்து பார்த்தீர்கள். வந்த ஒவ்வொருவரிடமும் அவர் ஒரு ஹாக்கி ஆட்டத்தின் ஸ்கோரைச் சொன்னார். "நாலுக்கு மூணு. நாம ஜெயிச்சிட்டோம்." அந்த ஸ்கோர் தவறு. அவருக்கு அதைத் தவறாகச் சொன்னவள் நான். அதைத் திருத்தத்தான் எழுத ஒப்புக்கொண்டேன். இனி அண்ணன் சொன்ன வரிசைப்படி போகிறேன்.

நைனா பொன்னேரிக்கு மேற்கே, ஆரணி ஆற்றை ஒட்டிய ஒரு சிற்றூரில் பிறந்தார். தாத்தாவும் பாட்டியும் பிறருடைய கழனியில் நாற்று நட்டும் அறுத்தும் பிழைத்தவர்கள். நான்கு பிள்ளைகளில் நைனா மூத்தவர். பொன்னேரிக்கு நடந்து போய்ப் பத்தாம் வகுப்பு வரை படித்தார். அந்தப் பள்ளியில்தான் ஹாக்கி அவரைப் பிடித்துக்கொண்டது. எப்படிப் பிடித்தது என்பதில் எங்கள் குடும்பத்தில் ஒற்றுமை இல்லை. "அண்ணன்தான் கோல் கீப்பர், ஒரு பந்து உள்ள போவாது" என்கிறார் சித்தப்பா. "அண்ணன் மட்டையே புடிச்சதில்ல. வெளியில போற பந்த எடுத்துப் போட்டுக்கினு நிப்பாரு" என்கிறார் அத்தை. நைனாவிடமே ஒருமுறை கேட்டேன். "ரெண்டும் ஒண்ணுதாம்மா, ரெண்டுலயும் பந்துதான் தடுக்கணும்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். எனவே இந்த இடத்தை எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. இரண்டையும் எழுதிவிட்டேன்.

பத்தாவது முடித்ததும் கும்மிடிப்பூண்டியில் கம்பி உருட்டும் ஆலை ஒன்றில் சேர்ந்தார். உலை வாயில் நின்று பழுக்கக் காய்ந்த இரும்பை இடுக்கியால் திருப்பிவிடும் வேலை. தங்கைகள் இருவரின் கல்யாணமும் சித்தப்பாவின் படிப்பும் அந்த வெக்கையில்தான் நடந்தன. இடது முழங்காலுக்குக் கீழே அவருக்கு ஒரு பெரிய தீக்காயத் தழும்பு உண்டு. அதைப் பற்றி அவர் ஒருநாளும் பேசியதில்லை, நாங்களாகக் கேட்டதும் இல்லை. இப்போது கேட்டிருக்கலாமே என்று இருக்கிறது.

அந்த ஆலையில்தான் ஒடிசாவிலிருந்து வேலைக்கு வந்த சுக்ரா அண்ணன் அவருக்கு நண்பரானார். அவருடைய ஊரில் பெண்கள்கூட ஹாக்கி ஆடுவார்களாம். ரேடியோவில் ஹாக்கி கேட்க நைனாவுக்குக் கற்றுக்கொடுத்தவர் அவர்தான். வர்ணனை கொஞ்ச நேரம் இந்தியில் வரும், கொஞ்ச நேரம் ஆங்கிலத்தில் வரும். நைனாவுக்கு இரண்டும் அரைகுறை. "பாஷ வாணாம் அண்ணா. கொரல் மட்டும் புடிங்க. நம்ம கோல்னா அவன் கொரல் மேல போவும், நீளமா கத்துவான். எதிர் கோல்னா கொரல் கீழ எறங்கும், ஒரே வார்த்த, முடிச்சிடுவான்" என்று சொல்லிக்கொடுத்தாராம். அதற்குப் பிறகு நைனா ஒரு ஆட்டத்தையும் விட்டதில்லை. இந்திய அணி உலகின் எந்த மூலையில் ஆடினாலும், ரேடியோவில் வந்தால் போதும்.

உலை வேலை உடம்புக்கு ஒத்துக்கொள்ளாமல் போனதும் நைனா திருவள்ளூருக்கு வந்து, காக்களூர் தொழிற்பேட்டையில் நட்டு செய்யும் சிறிய கம்பெனியில் சேர்ந்தார். நாங்கள் வளர்ந்தது இங்கேதான். அவர் ஹாக்கி கேட்கும் முறையை எங்கள் தெருவே அறியும். முதலில் ரேடியோவை ஜன்னல் திட்டில் வைப்பார். அதன் ஏரியலில் ஒரு செம்புக் கம்பியைச் சுற்றி, மறுமுனையை ஜன்னல் கிரில்லில் கட்டுவார். பிறகு ரேடியோவைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பி, கரகரப்பு அடங்கும் இடத்தில் நிறுத்துவார். அதற்கப்புறம் அதை யாரும் தொடக் கூடாது. ட்யூப் லைட், ஃபேன், மிக்ஸி மூன்றும் நின்றுவிட வேண்டும். அவை ஓடினால் ரேடியோ இரையும். சித்திரை மாத வெயிலிலும் இதே சட்டம்தான். "ஊர்ல எவனோ பந்தடிக்கிறதுக்கு என் ஊட்ல நான் வேவணுமா?" என்று அம்மா கத்துவார். "ஒண்ணரை மணி நேரம்தான்டி, பேஜார் பண்ணாத" என்பார் நைனா.

ஸ்கோருக்கு ஒரு பிஸ்கட் டப்பா வைத்திருந்தார். நம் அணி கோல் போட்டால் அதில் ஒரு நட்டு, எதிரணி போட்டால் ஒரு போல்ட்டு. நட்டு அவருடைய கம்பெனியில் செய்வது. போல்ட்டு பக்கத்துக் கம்பெனியில் செய்வது. ஆட்டம் முடிந்தாலும் டப்பாவைக் காலி செய்ய மாட்டார். அடுத்த ஆட்டம் தொடங்கும்போதுதான் கொட்டுவார். அதுவரைக்கும் கடைசி ஸ்கோர் டப்பாவுக்குள்ளேயே இருக்கும்.

இவ்வளவும் தெரிந்த நான் அவரோடு உட்கார்ந்து ஒரு ஆட்டமும் கேட்டதில்லை. எத்தனையோ முறை கூப்பிட்டார். படிப்பு, வேலை, தலைவலி என்று எப்போதும் ஏதாவது ஒன்று சொன்னேன். உண்மையில் ஃபேன் இல்லாமல் உட்கார என்னால் முடியாது. இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

சென்ற ஆண்டு நைனாவுக்குப் பக்கவாதம் வந்தது. இடது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சு கொஞ்சம் குழறினாலும் புத்தி தெளிவாகத்தான் இருந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த சில வாரங்களில், ஒரு மாலை, பெரிய ஆட்டம் ஒன்று இருந்தது. அம்மா ரேடியோவை அவர் தலைமாட்டில் ஜன்னல் திட்டில் வைத்தார். அவர் ஒரு கையால் கொட்டிய டப்பாவையும் நட்டு, போல்ட்டுகளையும் வலது கைக்கு எட்டும்படி நான் வைத்தேன். நைனா என் கையைப் பிடித்துக்கொண்டார். "மாத்திர போட்டதுல கண்ண சொக்கிக்கினு வருது. நான் தூங்கிட்டாலும் தூங்கிடுவேன். நீ கேட்டுக்கினு இரும்மா. முடிஞ்சதும் ஸ்கோரு நீதான் சொல்லணும்."

அவர் என்னிடம் கேட்டுக்கொண்டது அது ஒன்றுதான். நான் சமையலறையில் அவருக்குக் கஞ்சி வைக்க வேண்டியிருந்தது. அங்கே ரேடியோ சரியாகக் கேட்காது. அதனால் என் ஃபோனில் அதே வானொலியைப் போட்டு அடுப்புப் பக்கத்தில் வைத்துக்கொண்டேன். சுக்ரா அண்ணன் சொன்ன வழிதான் எனக்கும் வழி. மேலே ஏறும் குரலை நம் கணக்கிலும் கீழே இறங்கும் குரலை அவர்கள் கணக்கிலும் எண்ணினேன். காக்களூரில் நான் பார்க்கும் வேலையும் எண்ணுவதுதான். க்வாலிட்டி பிரிவில் தப்பான பீஸ்களை எண்ணி ஒதுக்குகிறேன். எண்ணிக்கையில் நான் பிசகுவேன் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

ஆட்டம் முடியும் நேரத்தில் நைனாவை விசாரிக்க அத்தை ஃபோன் செய்தார். வர்ணனை நின்றுபோனது. பேசி முடித்துவிட்டுப் பார்த்தால் ஃபோனில் பாட்டு ஓடுகிறது. அறைக்குப் போனேன். ரேடியோ அணைந்திருந்தது, அம்மா அணைத்திருப்பார் என்று நினைத்துக்கொண்டேன். நைனா கண்ணை மூடியிருந்தார்.

"இன்னாமா ஆச்சி?" என்றார், கண்ணைத் திறக்காமலே.

"நாலுக்கு மூணு நைனா. நாம ஜெயிச்சிட்டோம்."

கண்ணைத் திறந்து என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "நாலா?"

"நாலுதான். நல்லா எண்ணினேன்."

"நீயே கேட்டு, நீயே எண்ணினியா?"

"ஆமா நைனா."

வாயின் ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. "அப்ப ஜெயிச்சிட்டோம்" என்றார்.

மறுநாள் காலை பேப்பரைப் பிரித்தேன். இரண்டுக்கு மூன்று. இந்திய அணி தோற்றிருந்தது. எப்படி நாலு வந்தது? யார் போட்ட கோலை நான் எண்ணினேன்? உண்மையைச் சொல்லலாம் என்று அறைக்குப் போனால், பக்கத்து வீட்டுக்காரரிடம் நைனா சொல்லிக்கொண்டிருக்கிறார்: "எம்பொண்ணு கேட்டு எண்ணிச்சி. நாலுக்கு மூணு." அந்த முகத்தைப் பார்த்ததும் என்னால் முடியவில்லை. பேப்பரை அரிசி டிரம்முக்குப் பின்னால் செருகிவிட்டேன். அடுத்தடுத்த நாள் பேப்பர்களும் அங்கேயே போயின. "பேப்பர் வர்லியா?" என்று கேட்பார். "வர்ல நைனா" என்பேன். மூன்றாம் நாள், "பாவம், பேப்பர் போடுறவனுக்கு ஒடம்பு சரியில்லியோ இன்னவோ" என்றார். சித்தப்பா வந்தபோது அவரிடமும் நைனா அதே ஸ்கோரைச் சொன்னார். டி.வி.யில் ஆட்டத்தைப் பார்த்திருந்த சித்தப்பா வாயைத் திறந்தார். நான் காபி டம்ளரை அவர் கையில் திணித்தேன்.

ஆட்டம் முடிந்த ஆறாம் நாள் காலை நைனா எங்களை விட்டுப் போய்விட்டார்.

இந்த ஓராண்டும் அதுதான் என் நெஞ்சை அரித்தது. வாழ்நாள் முழுதும் ஒரு ஸ்கோரும் தப்பாகச் சொல்லாத மனிதரைப் பொய்யான ஸ்கோரோடு வழியனுப்பி வைத்துவிட்டேன். அழுதால் எல்லோரும் நைனாவுக்காக அழுகிறேன் என்று நினைத்தார்கள். பாதிதான் அது.

வரப்போகும் திதியின் படையலில் நைனாவின் ரேடியோவையும் வைக்க வேண்டும் என்று போன வாரம் அம்மா சொன்னார். பீரோ மேல் துணி போட்டு மூடியிருந்ததை இறக்கினேன். பக்கத்திலேயே பிஸ்கட் டப்பா. திறந்தேன். உள்ளே இரண்டு நட்டு, மூன்று போல்ட்டு.

மறுபடி எண்ணினேன். அண்ணனைக் கூப்பிட்டு அவரையும் எண்ணச் சொன்னேன். இரண்டும் மூன்றும்தான்.

"நீ எதனா எடுத்தியாம்மா?" என்று அம்மாவிடம் கேட்டேன்.

"நான் ஏன்டி எடுக்கப்போறேன்? ஊட்ல சாவு வுழுந்திருக்கு, எனக்கு நட்டுதான் கொறச்சலா? அன்னிக்கி மூடி வெச்சது, இன்னிக்கி நீதான் தொறக்குற."

"ரேடியோவ அன்னிக்கி நீதான அணச்ச?"

"அவரேதான் அணச்சாரு, ஆட்டம் முடிஞ்சதும். நான் வாசல்ல இருந்தேன்."

ரேடியோ இன்னும் பாடுகிறதா என்று பார்க்க அண்ணன் புது பேட்டரி போட்டார். கூடவே ஃபோனிலும் அதே நிலையத்தை வைத்தார். ரேடியோவில் செய்தி வாசித்தார்கள். ஒரு நிமிடத்துக்கும் மேலாக ஆன பிறகு, அதே வரிகள் ஃபோனில் வந்தன. அப்போதுதான் எனக்கு விளங்கியது. நம் கோலுக்கு வர்ணனையாளர் கத்தியது முதலில் நைனாவின் அறையிலிருந்து எனக்குக் கேட்டது. பிறகு என் ஃபோனிலும் கேட்டது. நம் ஒவ்வொரு கோலையும் இரண்டாக எண்ணியிருக்கிறேன். எதிரணி கோலுக்குக் குரல் இறங்கியதால் அறையிலிருந்து வந்தது எனக்குக் கேட்கவில்லை, ஃபோனில் வந்தது மட்டும் கேட்டது. அதனால் அவர்களுடைய மூன்று மூன்றாகவே நின்றது, நம்முடைய இரண்டு நாலாகிவிட்டது.

என் தவறு புரிந்துவிட்டது. நைனாதான் புரியவில்லை. அவர் தூங்கவே இல்லை. ஒவ்வொரு கோலுக்கும் ஒற்றைக் கையால் சரியாகப் போட்டு, முடிவையும் கேட்டு, ரேடியோவையும் அணைத்துவிட்டுத்தான் என்னிடம் "இன்னாமா ஆச்சி?" என்று கேட்டிருக்கிறார். தோற்றது தெரிந்துகொண்டே ஐந்து நாள், வந்தவர்களிடமெல்லாம் என் ஸ்கோரைச் சொன்னாரே, ஏன்? "கடைசியில நெனப்பு தடுமாறியிருக்கும்" என்கிறார் அண்ணன். "உங்கிட்ட வெளையாடிக்கினு இருந்தாரு, பேப்பர் எங்க போவுதுன்னு அவருக்குத் தெரியாதா?" என்கிறார் சித்தப்பா. அம்மா மட்டும், "நீ அன்னிக்கித்தான் மொத மொதல்ல ஆட்டம் கேட்ட. அத்தப் போயி தப்புன்னு சொல்லுவாரா?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனார். மூன்றில் எது சரி என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு நாள் ஒன்று சரியாகப் படுகிறது, மறுநாள் இன்னொன்று. ஆனால் நெஞ்சை அரித்தது நின்றுவிட்டது.

நைனாவைப் படுக்கையில் திருப்பிப் படுக்கவைக்க முகம் கோணாமல் தினமும் வந்த பக்கத்து வீட்டாருக்கும், ராத்திரி பகல் பாராமல் அழைத்தபோதெல்லாம் வந்த ஆட்டோக்காரருக்கும், கம்பெனியிலிருந்து திரண்டு வந்து தோள் கொடுத்த தோழர்களுக்கும், செய்தி கேட்டதும் ஒடிசாவிலிருந்து ரயிலேறி வந்து கருமாதி வரை உடனிருந்த சுக்ரா அண்ணனுக்கும், காபி டம்ளரை வாங்கிக்கொண்டு ஒன்றும் சொல்லாமல் இருந்த சித்தப்பாவுக்கும், பெயர் தெரியாத அந்த வர்ணனையாளருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

நைனா வாயால் நாலுக்கு மூணு என்று கேட்டவர்கள் அனைவரும் தயவுசெய்து திருத்திக்கொள்ளுங்கள். இரண்டுக்கு மூன்று. நாம் தோற்றோம்.

டப்பாவை இன்னும் காலி செய்யவில்லை. படையல் அன்று மாலை ஒரு ஆட்டம் இருக்கிறது. அது தொடங்கும்போது நான் கொட்டுவேன். ஃபோன் கிடையாது, ரேடியோ மட்டும்தான். வருகிற உறவினர்கள் யாரும் ஃபேன் போடச் சொல்ல வேண்டாம்.

அன்பு மகள்