இடது காதில் எண்ணிய குரல்

முதலில் பழியை இயர்பீஸ் மேல்தான் போட்டேன். தொலைக்காட்சியில் அறிவியல் நிகழ்ச்சி நடத்தும்போது என் இடது காதுக்குள் இருக்கும் சின்னக் கருவி அது. கொழும்பிலிருந்து தயாரிப்பாளர் அதில் எண்ணுவார்: "முப்பது விநாடி இருக்கு. பத்து. முடிங்க." பதினெட்டு வருடங்களாக என் நேரம் அந்தக் காதில்தான் ஓடியது.

அன்று இரத்தோட்டையில் மிளகு உலர்த்தும் இடத்திலிருந்து நேரடி ஒளிபரப்பு. காலையிலிருந்தே காது அடைத்த மாதிரி, உள்ளே மெல்லிய இரைச்சல். தடிமன் (சளி) பிடிக்கப்போகிறது என்று விட்டுவிட்டேன். தயாரிப்பாளரின் குரல் வரவில்லை. ஒலிப்பதிவாளர் ரவி மூன்று கருவிகளை மாற்றிப் பார்த்தார். அடுத்த வாரமும் அதே கதை. எல்லோர் முன்னாலும் அவர் மேல் பாய்ந்தேன்: "ஒரு சாமான ஒழுங்கா வச்சிருக்கத் தெரியாதா?"

அவர் கோபப்படவில்லை. "அக்கா, ஒருக்கா வலது காதுல போட்டுப் பாருங்க."

வலது காதில் தயாரிப்பாளர் தெளிவாக எண்ணிக்கொண்டிருந்தார்.

உட்காதைப் பற்றி முழு நிகழ்ச்சியே செய்தவள் நான். களிமண்ணில் காது செய்து கமெராவுக்கு முன்னால் நீட்டியிருக்கிறேன். சொந்தக் காதில் கோட்டை விட்டேன்.

மறுநாள் ஆஸ்பத்திரியில் கேள்திறன் பரிசோதனை (ஒலி கேட்டதும் பொத்தானை அழுத்த வேண்டும்). இடது பக்கச் சோதனை இன்னும் தொடங்கவில்லை என்று நினைத்துப் பொறுமையாக உட்கார்ந்திருந்தேன். அது முடிந்தே விட்டிருந்தது.

வைத்தியர் யாழ்ப்பாணத்துக்காரர். "ஏன் இவ்வளவு பிந்தி வந்தனீங்கள்? மருந்து தாறன். முழுசாத் திரும்பும் எண்டு சொல்ல மாட்டன்."

திடீர் செவித்திறன் இழப்பு என்றார் (உட்காது சட்டென்று வேலை செய்யாமல் போவது). ஸ்டீரொயிட் மாத்திரைகள் (வீக்கத்தைக் குறைப்பவை), பிறகு செவிப்பறை வழியாக ஊசி. ஊசிக்குப் பிறகு அரை மணி நேரம் அசையாமல் படுத்திருக்க வேண்டும். இதை வாசிப்பவருக்கு ஒரு காது சட்டென்று அடைத்தால், தடிமன், அழுக்கு என்று காரணம் தேடாமல் அன்றே போய்க் காட்டுங்கள். நான் ஒன்பது நாட்களைக் கருவி மாற்றியே கழித்தேன்.

"இந்த வேலை போயிருமாங்க?" என்று கணவரிடம் கேட்டேன்.

"போனா போகட்டும். நீ முதல்ல சாப்பிடு."

அன்பாகத்தான் சொன்னார். எனக்கு எரிந்தது. அந்த வேலை இல்லாமல் நான் யார் என்று எனக்கே தெரியவில்லை. ஆனால் அன்றிலிருந்து மாத்தளை வீதியில் நடக்கும்போதெல்லாம், சொல்லாமலே என் வலது பக்கம் வந்துவிடுகிறார்.

மூன்றாம் மாதமும் கேள்திறன் வரைபடத்தில் இடது காதின் கோடு ஏறவில்லை. "இனிப் பெரிசா மாறாது" என்றார் வைத்தியர். திரும்பும் பஸ்ஸில் அழுதேன்.

வேலைக்குப் போனதும் முதலில் ரவியிடம் மன்னிப்புக் கேட்டேன். பிறகு கருவியை வலது காதில் போட்டு ஒத்திகை பார்த்தோம். தயாரிப்பாளரின் குரல் கேட்டது, எதிரில் இருந்தவரின் குரல் கேட்கவில்லை. இருப்பது ஒரு காது. கருவி வேண்டாம் என்றேன். தயாரிப்பாளருக்குப் பயம். ஒரு நிகழ்ச்சிக்கு மட்டும் சம்மதித்தார்.

எல்கடுவயில் ஒரு தேயிலைத் தோட்டத்தில் ஒளிப்பதிவு. கமெராவுக்குப் பின்னால் நின்று ரவி விரல்களால் நேரம் காட்டுவதாக ஏற்பாடு. கொழுந்தின் பக்குவம் கைக்கு எப்படித் தெரிகிறது என்று கொழுந்தெடுக்கும் ஓர் அம்மாவிடம் கேட்டேன். "பழக்கம்தாங்க" என்று நிறுத்தினார். முன்பென்றால் அந்த இடத்திலேயே நன்றி சொல்லி முடித்திருப்பேன். ரவி ஐந்து விரல் காட்டினார், இன்னும் ஐந்து விநாடி. நான் காத்திருந்தேன்.

அந்த அம்மா வலது கையைத் தூக்கிப் பார்த்தார். "இந்த ரெண்டு வெரலும் மரத்துப்போயி நாலு வருஷமாச்சுங்க. மொதல்ல அழுதேன். பொறகு மத்த வெரலுங்க கத்துக்கிச்சு."

அவர் இன்னும் பேசினார். ரவி எப்போது கையை இறக்கினார் என்று எனக்குத் தெரியாது. நான் வலது காதை அந்த அம்மா பக்கம் திருப்பியிருந்தேன்.