கொடி இறங்கும் நேரத்தில் நான் போட்ட கோல்

பிள்ளைகளே, போன சீசனில் நான் போட்ட கோலைப் பற்றி நீங்கள் எத்தனையோ தரம் கேட்டுவிட்டீர்கள். "அது களவுக் கோலா வாப்பா?" என்று சின்னவன் சோறு தின்னும்போது கேட்டான். வாயால் சொல்லப்போனால் நானே குழம்பிப்போவேன். நான் ஓ.எல். வரைக்கும்தான் படித்தவன். அதனால் நடந்ததை நடந்த வரிசையில் எழுதி வைக்கிறேன்.

எங்கள் டவுன் புட்போல் டீமில் நான்தான் வயதில் மூத்தவன். முப்பத்தொன்பது. இரத்தோட்டையிலிருந்து பஸ்ஸில் வரும் தோட்டத்துப் பொடியன்கள் என்னை அண்ணன் முறை வைத்து, "நானா, ஓடாதீங்க, பந்தே உங்கக்கிட்ட வரும்" என்று சிரிப்பார்கள். கெப்டன் பஸ் கொண்டக்டர். கோல் கீப்பர் வில்கமுவப் பக்கம் வயல் செய்கிறவர்.

அந்த சீசனில் ராணுவப் பயிற்சிக் கல்லூரி டீமும் எங்கள் லீக்கில் சேர்ந்தது. எல்லாரும் கெடட் பொடியன்கள், ஒட்ட வெட்டிய முடி. மெட்ச் மெட்சாக வென்றார்கள். ஒருத்தராலும் அவர்களுக்கு ஒரு கோல் அடிக்க முடியவில்லை. யட்டவத்த டீமில் விளையாடும் ஒருவர் நான் வேலை செய்யும் மில்லுக்கு மல்லி அரைக்க வந்தபோது, "ஆறு வாங்கிட்டு வந்தோம் மச்சான். அவனுங்க விளையாடல்ல, பரேட் போறானுங்க" என்றார். கடைசி மெட்ச் எங்களோடு, அவர்களுடைய கிரவுண்டில். கப் எப்படியும் அவர்களுக்குத்தான் என்று முடிவாகிவிட்டது. ஒரு கோல் மட்டும் போட்டுவிட வேண்டும் என்பதுதான் எங்கள் ஆசை.

மூன்றரைக்குத் தொடங்க வேண்டிய மெட்ச். கீப்பர் வரவில்லை. வில்கமுவ பஸ் வழியில் நின்றுவிட்டதாம். பிறகு யாரோ ஒருவருடைய மோட்டார் சைக்கிளில் ஏறி, முகமெல்லாம் புழுதியோடு வந்து இறங்கினார். "வெளிநாட்டிலருந்து வாறாரு, மாலை போடுங்க" என்றார் கெப்டன். ரெபரி விசில் ஊதும்போது நாலரையாகிவிட்டது. மற்ற டீம்களெல்லாம் ஐந்தரைக்கே விளையாடி முடித்துப் போய்விடுவார்களாம். அதனால் ஆறு மணிக்கு அந்த இடத்தில் என்ன நடக்கும் என்று எங்களுக்கு ஒருத்தரும் சொல்லி வைக்கவில்லை.

ஆட்டம் பூச்சியத்துக்குப் பூச்சியமாகவே போனது. அவர்களில் உயரமான ஒரு பொடியன் தொடக்கத்திலிருந்து நான் போட்டிருந்த சேட்டின் நுனியை விடவே இல்லை. முடிய இன்னும் கொஞ்ச நேரம்தான். எங்கள் பக்கமிருந்து உயரமாக ஒரு பந்து வந்தது. அந்த நேரம் பார்த்துச் சேட்டிலிருந்த பிடி விட்டுப்போனது. பொடியன் களைத்துவிட்டான் என்று நினைத்தேன். பந்து என் காலில் விழுந்தது. எனக்கு முன்னால் கீப்பர் மட்டும்தான். அவன் இரண்டு கையையும் தொடையோடு ஒட்டி வைத்து, நெஞ்சை நிமிர்த்தி நின்றான். என்னைப் பார்க்கவே இல்லை. கிழவன் அடித்து என்ன ஆகப்போகிறது என்று பகிடி பண்ணுகிறான் போல என்று எனக்குக் கோபம் வந்தது. அடித்தேன். வலை அசைந்தது.

இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு திரும்பி ஓடினேன். ஒரு சத்தமும் இல்லை. கெடட்கள் பதினொரு பேரும் கம்பம் மாதிரி நின்றார்கள். வெளியே பார்த்துக்கொண்டு நின்றவர்களும் அப்படியே. எங்கள் பொடியன்களில் இரண்டு பேரும் அவர்களைப் பார்த்து விறைப்பாக நின்றார்கள். ரெபரியும் அட்டென்ஷனில் நின்றார். தூரத்தில் சிங்கக்கொடி மெல்ல இறங்கிக்கொண்டிருந்தது. அந்தக் கிரவுண்டில் ஓடிக்கொண்டிருந்தது நான் ஒருவன்தான். கையைக் கீழே போடுவதா, ஓடுவதா, நிற்பதா என்று எனக்கு விளங்கவில்லை. அப்போதுதான் கொடி இறக்கும்போது ஊதுகிற பியூகிள் சத்தம் காதில் விழுந்தது. அதுவும் முடிகிற நேரத்தில்.

கொடியை மடித்த பிறகுதான் எல்லாரும் அசைந்தார்கள்.

எங்கள் கெப்டன் ஓடிவந்து, "விசில் ஊதல்ல, கோல்தான்" என்றார். அவர்களுடைய கோச், ஒரு சார்ஜன், சிங்களத்தில் அதையேதான் சொன்னார். விசில் ஊதாவிட்டால் ஆட்டம் நடக்கிறது என்றுதான் அர்த்தம், நின்றது தன் பிள்ளைகளுடைய பொறுப்பு என்றார். ரெபரிக்குத்தான் மனம் ஒப்பவில்லை. "நான் அட்டென்ஷன்ல நின்டுக்கிட்டு எப்படிங்க ஊதுறது?" என்று சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"பியூகிள் கேட்டுச்சா இல்லையா? கேட்டுக்கிட்டே அடிச்சீங்கன்னா நான் கோல் குடுக்க மாட்டேன்."

"கேக்கல்லன்னு சொல்லு மச்சான். ஒரே வார்த்தை" என்று கெப்டன் பின்னாலிருந்து மெல்லச் சொன்னார்.

நான் யோசித்தேன். இருபது வருஷமாக மில் சத்தத்தில் நிற்கிறேன். மில்லை நிற்பாட்டினாலும் என் காதுக்குள் ஒரு ஊதல் ஓடிக்கொண்டே இருக்கும். பந்து காலில் விழும்போதும் ஏதோ ஊதியது. அது வெளியிலிருந்து வந்ததா, என் காதுக்குள்ளிருந்து வந்ததா?

"தெரியாது சேர்" என்றேன்.

"தெரியாதா?"

"அல்லாஹ்மேல சத்தியமா தெரியாது."

"தெரியாதுங்கிற மனுசனை என்னங்க பண்றது" என்று சொல்லிவிட்டு ரெபரி நடுக்கோட்டைக் காட்டினார். ஒன்றுக்குப் பூச்சியம். சீசன் முழுக்க அவர்கள் வாங்கியது அந்த ஒரு கோல்தான். முடிந்த பிறகு அவர்களுடைய கீப்பர் கை கொடுத்தான். "அங்கிள், நீங்க அடிக்கும்போது நான் கீப்பர் இல்ல" என்று சிங்களத்தில் சொல்லிச் சிரித்தான். அவன் கோபித்திருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும்.

வீட்டில் நீங்கள் களவா என்று கேட்ட பிறகு எனக்கு ஒரு யோசனை வந்தது. போன கிழமை மில்லை நேரத்தோடு பூட்டிவிட்டு, மூத்தவளையும் கூட்டிக்கொண்டு அந்தக் கெடட் கல்லூரிக் கேம்ப் ரோட்டில் போய் நின்றேன். ஆறு மணியாகும்போது காதைக் கூர்மையாக்கிக்கொண்டு இருந்தேன். ஒன்றும் இல்லை, என் காதுக்குள் ஓடுகிற அதே ஊதல்தான்.

"ஊதுறாங்க வாப்பா" என்றாள்.

அவள் சொன்ன உடனே எனக்கும் கேட்டது. நல்லா, தெளிவாக.

திரும்பி வரும்போது அவளிடம் கேட்டேன், "நீ சொல்லாட்டி எனக்குக் கேட்டிருக்குமா?"

"எனக்கு எப்படி வாப்பா தெரியும்?" என்றவள் கொஞ்ச தூரம் போனதும் திரும்பினாள். "நாளைக்கும் வருவோம். நான் வாய் தொறக்க மாட்டேன்."

மறுநாளும் போனோம். அவள் வாயைக் கையால் பொத்திக்கொண்டு நின்றாள். நானோ கொடியைப் பார்க்கவில்லை, காதையும் கொடுக்கவில்லை. பியூகிள் கேட்டு அவளுடைய கண் எப்போது மாறும் என்று அதையே பார்த்துக்கொண்டு நின்றேன்.