ஐந்து நாட்டுச் சம்பளம்

அரசாங்கம் குறைந்தபட்சச் சம்பளத்தை உயர்த்தப் போவதாக அறிவித்த வாரத்தில் எங்கள் தொழிற்சாலையே கலகலவென்று இருந்தது. கேன்டீனில் யாரோ கேசரி கிண்டிக் கொண்டுவந்து மேசை மேசையாகக் கொடுத்தார்கள். நானும் இரண்டு வாய் சாப்பிட்டேன். அன்று மாலையே மேலாளர் என்னை அறைக்குக் கூப்பிட்டு, கதவைச் சாத்தச் சொன்னார்.

மலேசியாவில் கோத்தா திங்கிக்கு வெளியே, எண்ணெய் எடுக்கும் செம்பனைத் தோட்டங்கள் முடிகிற இடத்தில் உள்ள தொழிற்பேட்டையில் இருக்கிறது எங்கள் கம்பெனி. துணி துவைக்கும் இயந்திரம், குளிர்பெட்டி போன்றவற்றுக்குள் போகும் ஒயர் கட்டுகளைச் செய்கிறோம். நான் எச்.ஆர். பிரிவில் குமாஸ்தா. லீவு படிவம், மருத்துவச் சீட்டு, புதிதாகச் சேர்பவர்களின் கோப்பு, இவைதான் என் உலகம்.

மேலாளர் சீனர், அமைதியான மனிதர். ஐந்து நாடுகளின் குறைந்தபட்சச் சம்பளத்தை ஒரே பக்கத்தில் ஒப்பிடும் அட்டவணை வேண்டும் என்றார். மலேசியா, தாய்லாந்து, வியட்நாம், இந்தோனேசியா, வங்காளதேசம். தலைமை அலுவலகத்திலிருந்து இரண்டு பேர் வருகிறார்கள், அவர்களுக்குக் காட்டத்தான். நான் எழுந்தபோது குரலைத் தாழ்த்தி, மலாயில் “ஜாங்கான் செரித்தா சாமா ஓராங்” என்றார். யாரிடமும் சொல்லாதே என்று அர்த்தம். எதற்கு என்று நான் கேட்கவில்லை. ஒரு கம்பெனி இன்னொரு நாட்டின் சம்பளத்தை எதற்காக விசாரிக்கும்? தொழிற்சாலையைச் சம்பளம் குறைந்த நாட்டுக்கு மாற்றத்தான் என்று எனக்குத் தோன்றியது.

வேலையைத் தொடங்கியதும் இன்னொரு பயம் வந்தது. இந்த எண்களை நேருக்கு நேர் வைக்கவே முடியவில்லை. நம் நாட்டில் மாதச் சம்பளம், நாடு முழுக்க ஒரே அளவு. தாய்லாந்தில் நாள் கூலி, மாநிலத்துக்கு மாநிலம் மாறும். வியட்நாமை வட்டாரங்களாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். இந்தோனேசியாவில் ஒரு ஆற்றைத் தாண்டினால் வேறு சம்பளம். வங்காளதேசத்தில் தொழிலுக்குத் தொழில் வேறு. எல்லாவற்றையும் மாதக் கணக்காக்கி ரிங்கிட்டில் போட வேண்டும். தாய்லாந்துக் கூலியை இருபத்திரண்டு நாளால் பெருக்கினால் ஒரு தொகை, இருபத்தாறு நாளால் பெருக்கினால் வேறொரு தொகை. எந்த வட்டாரத்தை எடுப்பது, எந்த நாளின் நாணய மாற்று விகிதத்தைப் போடுவது என்பதெல்லாம் என் கையில் இருந்தது. அட்டவணையின் ஒரு கட்டத்தில் நான் தட்டும் எண்ணால் முன்னூறு பேருடைய வேலை போய்விடுமோ என்று ஒவ்வொரு எண்ணையும் இரண்டு முறை சரிபார்த்தேன். யாராவது என் மேசையைக் கடந்து போனால் திரையை மறைத்தேன்.

அந்த முன்னூறு பேரில் என் அக்காவும் ஒருத்தி. பத்தொன்பது வருடமாக ஒயர் பொருத்தும் வரிசையில் இருக்கிறாள். தினமும் என் காரில்தான் ஒன்றாக வேலைக்குப் போவோம். மூன்றாவது நாள் காலை, மழையில் வண்டி ஊர்ந்துகொண்டிருந்தபோது அவள் சொன்னாள்: “சிங்கப்பூர்ல கிளீனிங் வேலை ஒண்ணு வந்திருக்கு. ஏஜண்ட் வெள்ளிக்கிழமைக்குள்ள பதில் கேக்குறாரு. நான் என்ன பண்ணட்டும்? நம்ம பேக்டரிதான் இப்ப சம்பளம் ஏத்துறாங்களே. போக வேணாந்தானே?”

“யோசிச்சுச் சொல்றேங்கா” என்றேன்.

அன்று மதியம், மேலாளர் கேட்காத ஆறாவது நாட்டையும் தேடிப் பார்த்தேன். சிங்கப்பூரில் எல்லோருக்கும் பொதுவான குறைந்தபட்சச் சம்பளம் கிடையாது. துப்புரவு வேலைக்குப் படிப்படியாக உயரும் சம்பளத் திட்டம் உண்டு, ஆனால் அது அந்நாட்டுக் குடிமக்களுக்கும் நிரந்தரவாசிகளுக்கும்தான். இங்கிருந்து வேலை பெர்மிட்டில் போகிறவர்களுக்கு, இதற்குக் கீழே சம்பளம் போகாது என்ற பாதுகாப்பு ஏதும் இல்லை. ஆனாலும் சிங்கப்பூர் வெள்ளியை, அதாவது டாலரை, ரிங்கிட்டாக மாற்றும்போது இங்கே வாங்குவதைவிட அதிகம். போ என்றாலும் பயம், இரு என்றாலும் பயம்.

வியாழக்கிழமை வேலை முடிந்து வரும்போது பெட்ரோல் நிலையத்தில் வண்டியை ஓரங்கட்டி, அக்காவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

“அலமாக்! ஐயோ, ஏண்டி எங்கிட்ட சொன்ன?” என்றாள். “நாளைக்கு நான் எப்படி அங்க போய் உக்காருவேன்? எல்லாம் கல்யாணம், டிவின்னு பேசிட்டிருப்பாங்க. நான் மட்டும் தெரிஞ்சுக்கிட்டு உக்காரணுமா?”

“அப்ப நீ சிங்கப்பூர் போ.”

“நான் மட்டும் ஓடுறதா? எனக்காச்சும் வீட்டுல அவரு சம்பளம் இருக்கு. அவளுக்கு யாரு இருக்கா?”

அவள் என்று அக்கா சொன்னது தன் தோழியை. செக்கிங் மேசையில் வேலை செய்பவர், கணவரை இழந்தவர், பள்ளிக்குப் போகும் இரண்டு பெண் பிள்ளைகளுக்குத் தாய். மறுநாள் அக்கா ஏஜண்டின் எண்ணை அந்தத் தோழியிடம் கொடுத்து, “நல்ல வேலை, நீ போயேன்” என்று மட்டும் சொல்லியிருக்கிறாள். காரணம் சொல்லவில்லை.

திங்கட்கிழமை அந்தத் தோழி லீவு படிவத்தோடு என் கவுண்டருக்கு வந்தார். சுற்றிலும் பார்த்துவிட்டு, “உங்க அக்கா பத்தொன்பது வருஷமா என்னை எங்கயும் போகச் சொன்னதில்ல. இப்ப ஏன் அனுப்பப் பாக்குறா? இங்க ஏதாச்சும் நடக்கப் போகுதா மா?” என்று கேட்டார்.

எனக்குப் பின்னால் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மேலாளர் உட்கார்ந்திருந்தார். ஒன்றும் இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம், அது பொய்யாக இருந்திருக்கும். இருக்கிறது என்று சொன்னால் என் வேலை போகும். நான் குனிந்து, “கையெழுத்து போடலையேக்கா” என்றேன்.

அவர் என் முகத்தையே பார்த்தார். பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போட்டார். “சரி மா, புரிஞ்சுது” என்று சொல்லிவிட்டுப் போனார்.

எப்போது மேலாளரின் அறைக்கு விஷயம் போகும் என்று நான் ஒவ்வொரு மணி நேரமும் காத்திருந்தேன். போகவே இல்லை. அந்தத் தோழி யாரிடமும் மூச்சு விடவில்லை. லீவு எடுத்த அன்று சிங்கப்பூர் போய் நேர்முகத் தேர்வை முடித்துவிட்டு வந்து, அந்த மாதக் கடைசியில் ராஜினாமாக் கடிதம் கொடுத்தார். அதைக் கோப்பில் சேர்த்ததும் நான்தான்.

தலைமை அலுவலகத்தார் இருவரும் அதற்கு அடுத்த வாரம் வந்தார்கள். அட்டவணை சுவரில் பெரிதாகத் தெரிந்தது. அதை விளக்க என்னையும் உட்கார வைத்தார்கள். அவர்களில் ஒருவர் ஒரே கேள்விதான் கேட்டார்: இந்த ஐந்தில் எந்த நாட்டில் சம்பளம் இனி உயராது? என் அரைகுறை ஆங்கிலத்தில், “எல்லா நாட்டிலும் உயரும் சார். எப்போது என்பதுதான் வேறு” என்றேன். அவர் தலையசைத்து எழுதிக்கொண்டார். மேலாளர், புதிதாக ஒருவரைப் பழக்க எவ்வளவு காலம் ஆகும், பழகும்வரை எவ்வளவு ஒயர் வீணாகும் என்று விளக்கினார். அவர் எங்களுக்காகத்தான் பேசுகிறார் என்பதே எனக்கு அப்போதுதான் புரிந்தது.

மூன்று வாரம் கழித்து முடிவு வந்தது. எங்கள் தொழிற்சாலை எங்கும் போகவில்லை. செக்கிங் மேசையும் இருந்த இடத்திலேயே இருந்தது. ஆள்தான் இல்லை. அந்த நாற்காலிக்கு ஆள் எடுக்கும் விளம்பரத்தை நான் தட்டச்சு செய்தேன்.

அக்காவிடம் காரில் சொன்னேன். அவள் சந்தோஷப்படவில்லை. “அப்ப அவள நாமதான் அனுப்பிட்டோம்” என்றாள். அதற்குப் பிறகு பல மாதம் நாங்கள் வேலையைப் பற்றிப் பேசவில்லை. அந்தத் தோழியைப் பழைய மேசைக்கே கூப்பிட்டுக்கொள்ளலாமா என்று மேலாளரிடம் நான் சுற்றி வளைத்துக் கேட்டுப் பார்த்தேன். ராஜினாமா செய்தவர் திரும்பி வந்தால் புது ஆளின் சம்பளத்தில்தான் தொடங்க வேண்டும் என்றார்.

போன மாதம் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் அந்தத் தோழியைப் பார்த்தேன். ஒளிந்துகொள்ள நினைத்தேன், அதற்குள் அவர் கூப்பிட்டுவிட்டார். மெலிந்திருந்தார். கண்ணுக்குக் கீழே கருத்திருந்தது. தினமும் விடியற்காலை மூன்றரைக்கு வேன் வருமாம், சிங்கப்பூருக்குப் போகும் எல்லைப் பாலத்து வரிசையில் நின்றுகொண்டே தூங்கப் பழகிவிட்டாராம். மூத்த பெண்ணைக் கல்லூரியில் சேர்த்துவிட்டதாகச் சொன்னபோது மட்டும் முகம் மலர்ந்தது.

“என் மேல கோவமாக்கா?” என்று கேட்டுவிட்டேன்.

“கோவம் என்ன லா. நீ ஒண்ணும் சொல்லலையே, நான்தான் பயந்தேன்” என்றார். கீரைக்காரரிடம் இரண்டு கட்டு கேட்டு வாங்கிக்கொண்டு, என் பக்கம் திரும்பி, “இப்பவும் பயம்தான். பெர்மிட்ட எப்ப ரத்து பண்ணுவாங்கன்னு தெரியாது. அங்க போய் யாரைக் கேக்குறது?” என்றார்.

எனக்கு அந்தச் சட்டமெல்லாம் தெரியும், படித்திருக்கிறேன். அவரைப் போலப் பெர்மிட்டில் போனவர்களுக்கு அதில் ஒரு வரியும் இல்லை. பையை வாங்கி அவர் மோட்டார் சைக்கிள் வரை தூக்கிக்கொண்டு போய்க் கொடுத்தேன். மறுநாள் மூன்று மணிக்கு எழ வேண்டும், சீக்கிரம் சமைத்துவிட்டுப் படுக்க வேண்டும் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார்.