மிசாகா கணவாயில் கேட்ட இருமல்

நம்பாதவர்கள் நம்ப வேண்டாம். நான் குடித்திருக்கவில்லை, கனவும் காணவில்லை. பகலில் நடந்தது இது.

கிழக்கு மலைச்சாலையில் மினோ நாடு முடிந்து ஷினானோ தொடங்குமிடம் மிசாகா கணவாய். அதன் கீழே ஷினானோ பக்கம், அரசத் தூதர்கள் குதிரை மாற்றும் அஞ்சல் லாயத்தில் நான் குதிரைக்காரன். தலைநகருக்கு, வரியாகக் கட்டும் துணியைச் சுமந்து போன என் தம்பி ஹிரோனாரி இன்னும் திரும்பவில்லை. திரும்பும் வழிக்கு யாரும் சோறு போடமாட்டார்கள். பசியிலேயே செத்தவர்கள் எத்தனையோ பேர். தினமும் சாலையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அன்று பிற்பகல், குரங்கு வேளை என்று நாங்கள் சொல்லும் நேரம். மூடுபனி. டிங்... டிங்... அரசத் தூதனின் மணி. அந்த மணியின் விளிம்பில் எத்தனை வெட்டுக்குறியோ அத்தனை குதிரை நாங்கள் தரவேண்டும். இரண்டு இருந்தன. அவனுக்கு ஒன்று, வழிகாட்டும் எனக்கு ஒன்று.

கணவாயிலிருந்து நடந்தே இறங்கிவந்த அந்தத் தூதன், மறுபடி மேலே போகவேண்டும் என்றான். தொப்பியில் வெண்பனி. அந்த வருடம் பனி இன்னும் விழவே இல்லை. அடுப்புப் பக்கம் நின்றும் அது உருகவில்லை.

"இன்னொரு குதிரையும் கட்டுப்பா. மேல ஒருத்தன் நடக்க முடியாம கெடக்கான்."

"வெட்டு ரெண்டுதானே ஐயா. மூணு குடுத்தா என் முதுகுத் தோல உரிச்சிடுவாங்க."

"நல்லா சட்டம் பேசுற," என்றான்.

ஏறினோம். அவன் குதிரை வழியெல்லாம் நடுங்கியது. உச்சியில் தெய்வக் கல். காணிக்கை வைக்கும்வரை எந்தக் குரலுக்கும் பதில் சொல்லக்கூடாது. கணவாய்த் தெய்வம் நமக்கு வேண்டியவர்கள் குரலில் கூப்பிடும்.

கல்லுக்குப் பின்னால் இருமல்.

பிறகு... "அண்ணே..."

தம்பி குரல்.

திரும்பித் தூதனைப் பார்த்தேன். சேணம் காலி.

"அண்ணே..."

காணிக்கை கை நழுவி விழுந்தது. இரண்டு குதிரைகளோடும் கீழே ஓடிவந்துவிட்டேன்.

விடிந்ததும் நாலு பேரோடு போனேன். கல்லுக்குப் பின்னால் சுருண்டு கிடந்தான் ஹிரோனாரி. செத்திருந்தான். அக்குளில் கை வைத்தேன். சூடு இன்னும் இருந்தது. பாவி நான்.

அந்த மாதம் எங்கள் சாலையில் தூதர் யாரையும் அனுப்பவில்லை என்றார் நாட்டு அலுவலக எழுத்தர். ஆள் அடையாளம் சொன்னேன். அவர் முகம் வெளுத்தது.

பதினோரு வருடத்துக்கு முன்பு அதே கல்லடியில் பனியில் செத்த தூதனாம். வழிகாட்டிப் போனவன் குதிரைகளோடு ஓடிவந்துவிட்டானாம்.